பால்கனித் தரையும் நாலு சென்டிமீட்டரும்

அன்பும் மரியாதையும் கலந்து என் ஒரே அக்காவுக்கு, உன் தம்பி பணிவுடன் எழுதிக்கொண்டது.

இங்கே நான் சௌக்கியம். வீட்டுக்காரியும் சௌக்கியம், ஆனால் அடுக்களையில் கோட்டு போட்டுக்கொண்டு சமைக்கிறாள். ஏன் என்பது கீழே வரும். உன் இடது முழங்கால் எப்படி இருக்கிறது? வலதையும் விசாரித்ததாகச் சொல். போனில் பேசியிருக்கலாம்தான். ஆனால் போனில் நான் ஒரு வாக்கியத்தை முடிப்பதற்குள் நீ பதில் சொல்லிவிடுவாய். கடிதத்தில் உனக்கு அந்த வசதி கிடையாது என்பதால் இதைத் தேர்ந்தெடுத்தேன்.

முக்கியமான விஷயத்தை முதலில் சொல்லிவிடுகிறேன். அந்த ஓய்வு இல்லத்துக்காரர்கள் உனக்கு ஓர் அறையை ஒதுக்கி வைத்திருக்கிறார்களாம், இந்த மாதக் கடைசிக்குள் நீ பதில் சொல்ல வேண்டுமாம். இதை நீ வீட்டுக்காரியிடம் சொல்லியிருக்கிறாய், என்னிடம் சொல்லவில்லை. பரவாயில்லை. அக்கா, தயவுசெய்து அவர்களிடம் சரி என்று சொல்லிவிடாதே. இன்னும் நாற்பது நாள் பொறுத்துக்கொள். உனக்கு இங்கே இடம் தயாராகிக்கொண்டிருக்கிறது. அதே சமயம் நாற்பது நாளைக்கு முன்னால் இங்கே கிளம்பியும் வந்துவிடாதே. ஏன் இந்தத் தாமதம், யார் யாரால் தாமதம் என்பதை ஆதியோடந்தமாக எழுதுகிறேன். படித்தால் உனக்கே ரத்தம் கொதிக்கும்.

போன குளிர்காலத்தில் ஒரு மாதம் இருப்பதாக வந்த நீ, ஐந்தாம் நாள் காலையில் பெட்டியைக் கட்டினாய். அதுவரை நன்றாகத்தானே இருந்தது? கண்ணாடி அடைத்த எங்கள் பால்கனியில் பத்து மணியிலிருந்து இரண்டு மணி வரை வெயில் வரும். நீ அந்தப் பெஞ்சில் உட்கார்ந்து நாலு மாடிக்குக் கீழே பேருந்து நிறுத்தத்தில் நிற்பவர்களின் கோட்டுகளுக்கெல்லாம் தீர்ப்பு சொல்லிக்கொண்டிருந்தாய். "அந்தாளுக்கு இடது தோள்ல துணி பத்தல. தைச்சவன் வீட்ல அன்னிக்கு சண்டை போல." நாற்பது வருடம் தையல் கடை நடத்தியவளின் கண் அது. எனக்கு அதைக் கேட்கக் கேட்கச் சந்தோஷமாக இருந்தது, சொல்லவில்லை, இப்போது சொல்கிறேன். ஆனால் தரை மட்டும் பனிக்கட்டி. நீ மூன்று ஜோடி காலுறை போட்டும் காலைத் தூக்கிப் பெஞ்சின் மேல் வைத்துக்கொண்டாய். போகும்போது லிஃப்ட் வாசலில் சொன்னாயே: "தரை சில்லுன்னு இருக்குடா தம்பி. கால் வைக்க முடியல. நான் கிளம்பறேன்." உன் பெட்டியை நானே லிஃப்டுக்குள் வைத்தேன். என் வீட்டில் என் அக்காவுக்குக் கால் வைக்க இடமில்லை என்றால் நான் என்ன தம்பி? அன்றைக்கே முடிவு செய்தேன், இந்தத் தரையை ஒரு வழி பண்ணாமல் விடுவதில்லை என்று.

நீ கிளம்பியதற்கு முந்தின நாள் நமக்குள் நடந்த சின்னப் பேச்சை நீ மறந்திருப்பாய். நானும் மறந்துவிட்டேன். சாயங்காலம் நாலே காலுக்கு, அந்தப் பெஞ்சுக்கு மெத்தை தைக்கிறேன் என்று எங்கள் வீட்டு டேப்பை வாங்கி அளந்தாய். நூற்றிருபது வந்தது. அதைப் பார்த்துவிட்டு, "டேய், இந்த டேப்புல என்னவோ குறையுதுடா" என்றாய். அக்கா, அளவுத் துறையில் முப்பத்தொரு வருடம் ஆய்வாளராக இருந்தவன் நான். கடைக்காரர்கள் என்னை 'மில்லிமீட்டர்' என்று கூப்பிடுவார்கள், அதுவும் முதுகுக்குப் பின்னால். துணிக்கடைக்காரன் ஒருவன் குறை டேப் வைத்து ஊரை ஏய்த்தபோது, மூன்று முறை போயும் யாருக்கும் அகப்படாததை நாலாவது முறை நான் போய்ப் பிடித்தேன். வழக்கெல்லாம் முடிந்த பிறகு, ஓய்வு பெறும் நாளில் அந்த டேப்பையே நல்ல தேக்குப் பெட்டியில் வைத்துத் துறையில் எனக்குப் பரிசாகக் கொடுத்தார்கள். அந்தப் பெட்டி இன்றும் எங்கள் ஷோகேஸின் மேல் தட்டில் இருக்கிறது. அப்படிப்பட்ட என்னிடம் போய்! ஆகவேதான் கொஞ்சம் விளக்கமாகப் பேசினேன். அரைமணி நேரம் இருக்கும். தையல்காரர்கள் கண்ணால் அளக்கிறவர்கள், சட்டத்துக்குக் கண் செல்லாது என்றும் சொன்னதாக ஞாபகம். நீ டேப்பைச் சுருட்டி என் கையில் கொடுத்துவிட்டாய். ஊருக்குப் போய், சண்டை ஒன்றும் இல்லாததுபோல் மெத்தையைத் தைத்துப் பார்சலில் அனுப்பினாய். வந்ததும் அளந்து பார்த்தேன். என் டேப்பில் சரியாக நூற்றிருபது. ஆக, கடைசியில் என் அளவுக்கே நீ தைத்திருக்கிறாய். அந்தப் பெருந்தன்மையை நான் மறக்கவில்லை.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். இந்த வருடம் குளிர் தொடங்கும் முன்பே ஒரு மேஸ்திரியைப் பிடித்தேன். நல்ல வேலைக்காரர், ஆனால் எதைக் கேட்டாலும் "பாத்துக்கலாம் சார்" என்பார். எனக்கு ஆகாத வார்த்தை அது ஒன்றுதான். பழைய டைல்ஸைப் பெயர்த்ததும் அடியில் ஒரு விரிசல், சுவரிலிருந்து சுவர் வரைக்கும். அதைத் தட்டிப் பார்த்த அவர், "சார், இது விரிசல் இல்ல, வாசல்" என்றார். அவர் சொல்லி வாய் மூடவில்லை, வாசல்மணி அடித்தது. கீழ்வீட்டு நர்ஸம்மா, கையில் விரித்த குடையோடு. வீட்டுக்குள் குடை பிடித்து நிற்கிற மனுஷியை நான் அன்றுதான் பார்த்தேன். "நாங்க துணி காயப்போடற இடத்துல ஒங்க வீட்டு சிமெண்ட் மழையா பெய்யுது. இன்னும் எத்தனை நாளைக்கு?" நான் பதினான்கு நாள் என்றேன். மேஸ்திரி, பாத்துக்கலாம் என்றார். அந்தம்மா என்னை விட்டுவிட்டு மேஸ்திரியை முறைத்துவிட்டுப் போனார்.

விரிசலைக் கொத்தி, நிரப்பி, அதன்மேல் தண்ணீர் இறங்காத பூச்சு இரண்டு தடவை அடித்து, நாலு பக்கமும் வரப்பு கட்டித் தண்ணீரை நிறுத்தி வைத்தார்கள். ஒருநாள் முழுக்க நிற்க வேண்டுமாம். கீழே ஒழுகுகிறதா என்று பார்க்க நர்ஸம்மாவே முன்வந்தார். வேலைக்கு விடுப்புப் போட்டுவிட்டு, மடியில் வாளியை வைத்துக்கொண்டு அண்ணாந்து பார்த்தபடி உட்கார்ந்திருந்தாராம். மறுநாள் மேலே வந்து, "ஒரு சொட்டு இல்ல" என்றார். முகத்தில் ஒரு சிரிப்பு. "இவ்வளவும் போன தடவ வந்த அந்த அக்காவுக்காகவா? என் யூனிஃபார்மை இடுப்புல பிடிச்சுக் குடுத்தாங்களே, அவங்களா? எப்ப வர்றாங்க?" என்று கேட்டார். அக்கா, நாலே நாளில் நீ இந்தக் கட்டடத்தில் என்னென்ன வேலை பார்த்திருக்கிறாய் என்று எனக்குத் தெரியவே இல்லை.

இதுவரை எல்லாம் நல்லபடியாகத்தான் போனது. இதற்கு மேல்தான் அயோக்கியத்தனம் ஆரம்பிக்கிறது. பூச்சுக்கு மேல், குளிர் ஏறாமல் தடுக்கிற நுரைப்பலகை பரப்ப வேண்டும். தெர்மோகோலுக்கு அண்ணன் என்று வைத்துக்கொள், ஏறி நின்றாலும் நசுங்காது. அதற்கு மேல் கம்பி வலை, அதற்கு மேல் சிமெண்ட் கலவை, கடைசியில் டைல்ஸ். மேஸ்திரி அளவெடுக்க டேப்பை உருவினார். நான் தடுத்தேன். என் வீட்டில் இன்னொருவன் அளப்பதா? எங்கள் ஒன்றரை மீட்டர் துணி டேப்பை வைத்து நானே மண்டி போட்டு அளந்தேன், நீளத்துக்கு அதை இரண்டு தடவை போட வேண்டியிருந்தது. அகலம் நூற்றிருபது, நீளம் முந்நூறு. ஒரு தாளில் எழுதி, கையெழுத்துப் போட்டு, தேதியும் போட்டுக் கடைக்கு அனுப்பினேன். நூற்றிருபதுக்கு அறுபதில் ஐந்து பலகை வந்தது. போட்டுப் பார்த்தால் அகலத்தில் நாலு சென்டிமீட்டர் தூக்கிக்கொண்டு நிற்கிறது, நீளத்தில் எட்டு. கடைக்குப் போன் போட்டேன். "நீங்க நூத்தியிருபது கேட்டீங்க, நூத்தியிருபது குடுத்தோம்" என்கிறான். திருப்பி அனுப்பினேன். மறுபடி வந்தது, மறுபடி அதே நாலு, அதே எட்டு. கொண்டுவந்த ஆளின் டேப்பை வாங்கிப் பார்த்தேன். அவன் டேப்பில் எங்கள் பால்கனி நூற்றுப் பதினாறு காட்டுகிறது! கையும் களவுமாகப் பிடிபட்டான். அலுவலகப் பழக்கத்தில் அந்த டேப்பை ஓர் உறையில் போட்டு ஒட்டி, மேலே தேதி எழுதி, அவனிடமே கையெழுத்தும் வாங்கிவிட்டேன். அவன் பயந்து போய்க் கையெழுத்துப் போட்டான், பாவம்.

மேஸ்திரி என்ன சொன்னார் தெரியுமா? "நாலு சென்டிமீட்டர் வெட்டிட்டாப் போச்சு சார்." வெட்டுவதா! தப்பு அவர்கள் பக்கம், வெட்டு நம் பக்கமா? இன்றைக்குப் பலகையை வெட்டினால் நாளைக்குச் சட்டத்தையே வெட்டுவான் என்றேன். அவர் தன் டேப்பை எடுத்து அளந்து காட்டினார். அதிலும் நூற்றுப் பதினாறு. அதையும் உறையில் போட்டேன். நான் நியாயம் தெரியாதவன் இல்லை, அக்கா. என் டேப்பையும் சோதித்துத்தான் பார்த்தேன். முப்பது சென்டிமீட்டர் அடிஸ்கேலை அதன்மேல் வைத்தேன், மயிரிழை பிசகவில்லை. பலகையின் கனத்தை அளந்தேன், ஐந்து சென்டிமீட்டர் என்றால் ஐந்து. இதற்கு மேல் என்ன சாட்சி வேண்டும்? எல்லோர் முன்னாலும் செய்து காட்டினேன். மேஸ்திரி கைகட்டிக் கேட்டுவிட்டு, "பாத்துக்கலாம் சார்" என்றார்.

மறுநாள் வீட்டுக்காரி, "ஒங்க கண்ணாடியில கீறல் விழுந்து ஆறு மாசமாச்சு, போய் மாத்திட்டு வாங்க" என்று என்னைக் கண் டாக்டரிடம் துரத்தினாள். புதுக் கண்ணாடி வர பத்துப் பன்னிரண்டு நாள் ஆகும் என்றார்கள். திரும்பி வந்தால், பலகைகள் சுவரோடு சுவராகப் பதிந்து கிடக்கின்றன, மேலே கம்பி வலையும் விரித்தாயிற்று. எப்படி என்று கேட்டேன். "அதுவா உக்காந்துடுச்சு சார்" என்றார் மேஸ்திரி. பார்த்தாயா, நேர்மையான அளவுக்குப் பொருளே வழிக்கு வந்துவிடும். செருப்பு அலமாரிக்கு அடியில் நாலு சென்டிமீட்டர் அகலத்தில் நுரைப்பலகைத் துண்டுகள் சில கிடந்தன. எங்கிருந்து வந்தன என்று வீட்டுக்காரிக்கும் தெரியவில்லையாம். அன்றே கலவையும் போட்டார்கள். தண்ணீர் வெளிப்பக்கம் ஓட வாட்டம் கொடுத்து, ரசமட்டத்தை வைத்து வைத்துப் பார்த்து, மேஸ்திரி மட்டப்பலகையால் இழுத்த அழகு இருக்கிறதே, அதை நான் குறை சொல்ல மாட்டேன். அவர் டேப் வேறு, அவர் கை வேறு.

இனிக் கதவு. பழைய பால்கனிக் கதவு அடிப்பக்கம் உளுத்துப் போயிருந்தது. தரையும் பத்து சென்டிமீட்டர் உயர்கிறது. எனவே புதுக் கதவுக்குச் சொன்னேன். தச்சர் அமைதியானவர், காதில் பென்சில். அவரும் அளக்கத்தான் வந்தார். விடுவேனா? நூற்றுத் தொண்ணூற்றைந்து என்று நானே எழுதிக் கொடுத்தேன். பழைய கதவைக் கழற்றிக்கொண்டு போனவர், எட்டு நாள் கழித்துப் புதுக் கதவைத் தோளில் சுமந்து நாலு மாடி ஏறி வந்தார், லிஃப்டுக்குள் கதவு நுழையவில்லை. நிலையில் வைத்தால் எட்டு சென்டிமீட்டர் அதிகம். அவர் மூச்சு வாங்கி முடித்துவிட்டு மெதுவாகச் சொன்னார். "நீங்க எழுதிக் குடுத்தது நூத்தித் தொண்ணூத்தஞ்சு. கதவு நூத்தித் தொண்ணூத்தஞ்சு. நிலைதான் சார் நூத்தி எம்பத்தேழு."

"அப்போ நிலை சுருங்கிப் போச்சா?"

"குளிர்ல சுருங்கும்னு சொல்வாங்க. இவ்வளவு சுருங்கும்னு நான் கேள்விப்பட்டதில்ல."

அவர் டேப்பும் உறைக்குள் போயிற்று. வெட்டித் தருகிறேன் என்றார், கூடாது என்றேன். இப்போது கதவு ஹாலில் சோபாவுக்குப் பின்னால் சாய்ந்து நிற்கிறது. நிலையில் இரட்டைப் போர்வை தொங்குகிறது. வீட்டுக்காரி கோட்டோடு சமைக்கும் காரணம் இதுதான். நேற்று அவள், "ஆடத் தெரியாதவ கூடம் கோணல்னாளாம்" என்று அடுப்பைப் பார்த்துச் சொன்னாள். அடுப்பை எதற்குச் சொன்னாள் என்று விளங்கவில்லை.

ஆகவே, அக்கா, நிலைமை இது. கலவை காய வேண்டும், அதன்மேல் டைல்ஸ் ஒட்ட வேண்டும், மூன்று டேப்புகளையும் இணைத்து என் பழைய அலுவலகத்துக்கு நான் புகார் மனு அனுப்ப வேண்டும், அவர்கள் விசாரித்துத் தீர்ப்புச் சொன்ன பிறகு கதவு சரியாக வேண்டும். எல்லாம் சேர்த்து நாற்பது நாள். அதற்குள் வந்தால் உன் முழங்காலுக்கு ஆகாது. எல்லாம் குறைவில்லாமல் முடிந்த பிறகு நானே வந்து உன்னை அழைத்துப் போகிறேன். அதுவரை அந்த இல்லத்துக்காரர்களை எதையாவது சொல்லி இழுத்தடி. கோட்டு தைத்துத் தருகிறேன் என்று சொல்லு, காத்திருப்பார்கள்.

உன் கண்ணும் கையும் முழங்கால் இரண்டும் எந்தக் குறையும் இல்லாமல் நெடுநாள் இருக்க வேண்டும். உன் ஆசி எங்கள் இருவருக்கும், முக்கியமாகக் கதவுக்கும் வேண்டும். வீட்டுக்காரி உன்னை மிகவும் கேட்டதாக எழுதச் சொல்கிறாள். நர்ஸம்மாவும்.

இப்படிக்கு,
அளவு விஷயம் நீங்கலாக மற்ற எல்லாவற்றிலும் உன் சொல்லைத் தட்டாத தம்பி.

பின்குறிப்பு: மேலே எழுதியதை எல்லாம் கிழித்துப் போடத்தான் நினைத்தேன். "கிழிக்காதீங்க, அக்கா படிச்சு சிரிக்கட்டும்" என்று வீட்டுக்காரி தாளைப் பிடுங்கிக்கொண்டாள். அதனால் அப்படியே வருகிறது.

இன்று காலையில் புதுக் கண்ணாடி வந்தது. அதைப் போட்டுக்கொண்டு, மனுவில் விவரம் எழுத மூன்று உறைகளையும் பிரித்தேன். வீட்டுக்காரி அந்த மூன்று டேப்பையும் பால்கனித் தரையில் நீட்டி, பக்கத்தில் நம் டேப்பையும் நீட்டினாள். மூன்றும் ஒன்றுபோல இருந்தன. நம்முடையதில் மட்டும் நூற்றைம்பது நாலு சென்டிமீட்டர் முன்னாலேயே வந்துவிட்டது. "மூணு பேருக்கும் ஒருத்தரை ஒருத்தர் தெரியாது. சொல்லி வெச்சா பொய் சொல்றாங்க?" என்றாள். குனிந்து பார்த்தேன். நாற்பது, அதற்கு அடுத்து நாற்பத்தைந்து. நடுவில் நாலு சென்டிமீட்டரை வெட்டி எடுத்துவிட்டு, கண்ணுக்கே தெரியாத தையல். நாற்பதுக்குள் எதை அளந்தாலும் சரியாகத்தான் காட்டும். அக்கா, அந்தத் தையலை எனக்குத் தெரியும், நான் பிடித்த துணிக்கடைக்காரனின் தையல். ஷோகேஸுக்கு ஓடிப்போய்ப் பரிசுப் பெட்டியைத் திறந்தேன். உள்ளே முழுக்க பொத்தான்கள்! "பெட்டி நல்லா இருந்துச்சு, பொத்தான் போட்டு வெச்சேன். டேப்பும் நல்லா இருந்துச்சு, டிராயர்ல போட்டேன்" என்கிறாள். நான் ஓய்வு பெற்ற மறுவாரத்திலிருந்து இந்த வீட்டில் அந்தத் திருட்டு டேப்தான் புழங்கியிருக்கிறது. ஊரெல்லாம் குறை பிடித்தவனுக்குத் தன் முதுகு தெரியவில்லை.

பிறகு உன் மெத்தையை எடுத்துத் தச்சரின் டேப்பால் அளந்தேன். நூற்றுப் பதினாறு. பெஞ்சும் நூற்றுப் பதினாறு. நான் சொன்ன அளவை நீ நம்பவே இல்லை, சாணால் அளந்துகொண்டு போய்ச் சரியாகத் தைத்திருக்கிறாய். அதைத் தூக்கி என் முகத்தில் எறியாமல் பார்சலில் அனுப்பினாய். நீ கிளம்பியது தரைக்காக இல்லை என்று எனக்கு இன்றைக்குத்தான் புரிகிறது. கோபத்தைத் தரை மேல் போட்டுவிட்டுப் போயிருக்கிறாய். நீ சொன்னது சரி, அக்கா. நான் பேசியது தப்பு. மன்னித்துவிடு.

மேஸ்திரியிடமும் தச்சரிடமும் போனில் மன்னிப்புக் கேட்டாயிற்று. மேஸ்திரி, "அன்னிக்கே தெரியும் சார், பாத்துக்கலாம்னுதான் விட்டேன்" என்றார். கடைக்காரனுக்கு நேரில் போக வேண்டும்.

இதையெல்லாம் பால்கனித் தரையில் உட்கார்ந்துதான் எழுதிக்கொண்டிருக்கிறேன். எழுந்தபோதுதான் கவனித்தேன், காலில் செருப்பு இல்லை, காலுறை இல்லை. டைல்ஸ் இல்லாத வெறும் சிமெண்ட், நிலையில் போர்வை, வெளியே பனி. இவ்வளவு நேரம் வெறுங்காலோடு இருந்திருக்கிறேன், கால் சில்லிடவே இல்லை. வீட்டுக்காரியைக் கூப்பிட்டேன், அவளும் செருப்பைக் கழற்றிவிட்டு நின்று பார்த்தாள். கோட்டையும் கழற்றிவிட்டு உன் மெத்தையைப் பெஞ்சில் விரித்தாள்.

ஆகவே அந்த நாற்பது நாளை அடித்துவிடு. டைல்ஸுக்காகக் காத்திருக்காதே, இந்த வாரமே வா. இல்லத்துக்காரர்களிடம் முடியாது என்று சொல்லிவிடு. கதவை வெட்டத் தச்சர் தயாராக இருக்கிறார், நான்தான் நிறுத்தி வைத்திருக்கிறேன். இந்த வீட்டில் இனி அளவு எடுக்கிறவள் நீ. வரும்போது உன் டேப்பைக் கொண்டு வா.